படித்துறைப் பந்திக்குக் கடையில் வாங்கிக்கொண்டு போவது எப்படி?

ஆடிப் பதினெட்டு ஆகஸ்டு 2 அல்லது 3-ஆம் தேதி வரும். வழக்கப்படி ஜூன் 12-இல் மேட்டூரைத் திறந்திருந்தால், அதற்குள் காவிரியிலும் குடமுருட்டியிலும் அரசலாற்றிலும் தண்ணீர் ஓடிக்கொண்டிருக்கும். திருவையாறு புஷ்ய மண்டபம், மயிலாடுதுறை துலாக்கட்டம், ஸ்ரீரங்கம் அம்மா மண்டபம் என்று எந்தப் படித்துறையைப் பார்த்தாலும் தெருத்தெருவாகச் சேர்ந்து வந்திருப்பார்கள். ஒரு வீட்டில் புளியோதரை, ஒரு வீட்டில் எலுமிச்சைச் சாதம், இன்னொரு வீட்டில் சர்க்கரைப் பொங்கல். பூஜை முடிந்ததும் எல்லாத் தூக்குகளும் ஒரே ஜமுக்காளத்துக்கு வந்துவிடும். இதே பழக்கத்தைத்தான் தஞ்சாவூர், கும்பகோணம் பக்கத்துப் பள்ளிக்கூடங்களிலும் வங்கிகளிலும் அடுக்குமாடி வீடுகளிலும் இன்று பாட்லக் என்று வைத்துக்கொள்கிறார்கள்.

இதில் ஒதுங்கிப் போகிறவர்கள் சிலர் உண்டு. இரவுப் பணி முடிந்து விடியற்காலையில் வீடு திரும்பும் நர்ஸ், வாடகை அறையில் தனியாக இருக்கும் இளைஞர், கைக்குழந்தைக்காரி, அடுப்படியில் நெடுநேரம் நிற்க முடியாத பெரியவர். சமைக்க முடியவில்லை என்பதற்காகவே வராமல் இருந்துவிடுவார்கள். வந்தாலும் கையில் இருக்கும் கடைப் பார்சலை ஓரமாக வைத்துவிட்டுத் தயங்கி நிற்பார்கள். அது தேவையே இல்லை. சமைப்பவர் அடுப்பில் காட்டும் அக்கறையை, வாங்குபவர் தேர்விலும் நேரத்திலும் பாத்திரத்திலும் காட்டினால் போதும். அந்தப் பண்டம் பந்தியில் எதற்கும் குறைந்ததாக இருக்காது. எப்படி என்று ஒவ்வொன்றாகச் சொல்கிறேன்.

முதல் வேலை: முன்கூட்டியே சொல்லிவிடுவது

யார் என்ன கொண்டுவருவது என்று பேச்சு எழும் அன்றே, கடையில் வாங்கி வருவதாகச் சொல்லிவிடுங்கள். கடைசி நாள் வரை மௌனமாக இருந்தால் உங்கள் பெயருக்கு எதிரே தேங்காய்ச் சாதம் என்று எழுதிவிடுவார்கள். பிறகு கடை கடையாகத் தேங்காய்ச் சாதம் தேட வேண்டியிருக்கும்.

"அக்கா, எனக்கு அன்னைக்கு டூட்டி முடிஞ்சு வர எட்டு மணி ஆயிடும். அசோகா அல்வாவும் வெத்தல சீவலும் நான் வாங்கிட்டு வந்துடறேன். சாதமெல்லாம் நீங்க பாத்துக்கங்க." இவ்வளவுதான். மன்னிப்பு கேட்கும் குரல் வேண்டாம். எந்தப் பண்டம், எத்தனை பேருக்கு என்பது தெளிவாக இருந்தால் ஏற்பாடு செய்பவருக்கு அதுவே பெரிய உதவி.

கூடவே இரண்டு விஷயம் கேட்டுக்கொள்ளுங்கள். வெங்காயம், பூண்டு சேர்க்காதவர்கள் யாராவது வருகிறார்களா? கடலை, முந்திரி ஒத்துக்கொள்ளாத பிள்ளைகள் இருக்கிறார்களா? அலுவலகப் பந்தி என்றால் அசைவம் உண்டா, ஹலால் பார்ப்பவர்கள் இருக்கிறார்களா என்பதும் சேரும். நாகூரும் வேளாங்கண்ணியும் திருவாரூரும் ஒரு பஸ் தூரத்தில் இருக்கும் இந்தப் பக்கத்தில், ஒரே அலுவலகத்தில் எல்லா விதச் சாப்பாட்டுக்காரர்களும் இருப்பார்கள்.

எதை வாங்குவது

வீட்டில் செய்யச் சிரமமானது, கடைக்காரருக்குக் கைவந்தது: இதைத்தான் வாங்க வேண்டும். துவையல், பச்சடி, வெறும் தயிர் சாதம் போன்றவற்றை வீட்டுக்காரர்களிடம் விட்டுவிடுங்கள். அவற்றைக் கடையில் வாங்கினால் சுவையும் குறையும், காசும் வீண்.

இனிப்பில் என் முதல் ஓட்டு திருவையாற்று அசோகாவுக்கு. பாசிப்பருப்பை வேகவைத்துக் கோதுமை மாவும் சர்க்கரையும் நெய்யும் சேர்த்து, கை ஓய்கிற வரை கிண்டும் பண்டம் அது. பத்துப் பேருக்கு மேல் வீட்டில் கிண்டுவது பெரிய பாடு. கடையில் பெரிய வாணலியில் கிண்டும்போது வரும் பதமும் தனி. சூடு ஆறினால் நெய் உறைந்து கொஞ்சம் இறுகும், ஆனாலும் கெட்டுப்போகாது. பயணத்துக்கு இதைவிடப் பாந்தமான இனிப்பு இந்தப் பக்கத்தில் குறைவு.

தஞ்சாவூரில் சந்திரகலா, சூரியகலா கிடைக்கும். மைதா ஓட்டுக்குள் கோவா வைத்துப் பொரித்துப் பாகில் போட்டது. பார்வைக்கு அழகு, எண்ணிக் கொடுக்கவும் வசதி. ஆனால் உள்ளே கோவா இருப்பதால் வெயிலில் நாள் முழுக்க வைக்கக் கூடாது. பாகு கசியும் என்பதால் பிள்ளைகள் நிறைய வரும் இடத்துக்கு அவ்வளவு ஏற்றதும் இல்லை. ஏ.சி. அறையில் நடக்கும் அலுவலகப் பந்திக்குச் சரியாக இருக்கும்.

காலைப் பந்தி என்றால் கும்பகோணம் கடப்பாவை யோசியுங்கள். உருளைக்கிழங்கும் பாசிப்பருப்பும் சேர்ந்த குழம்பு. இட்லிக்கும் தோசைக்கும் அதற்கு ஈடு கிடையாது. யாராவது இட்லி கொண்டுவருவதாகச் சொன்னால் நீங்கள் கடப்பாவை எடுத்துக்கொள்ளலாம். நேரம் ஆக ஆக இது கெட்டிப்படும். ஒரு சின்ன ஃபிளாஸ்க்கில் வெந்நீர் வைத்துக்கொண்டு, பரிமாறும் முன் கொஞ்சம் விட்டுக் கலக்கிவிட்டால் பழைய பதம் வந்துவிடும். ஒன்று மட்டும்: கடப்பாவில் வெங்காயமும் பூண்டும் இருக்கும், கேட்டு வாங்குங்கள்.

புளியோதரையை வெளியில் வாங்குவதாக இருந்தால் தைரியமாக வாங்கலாம். புளியின் புளிப்பும் நல்லெண்ணெயும் மற்றச் சாதங்களைவிட அதை நெடுநேரம் காக்கும். தேங்காய்ச் சாதம் அதற்கு நேர் எதிர். தேங்காய்தான் முதலில் ஊசிப்போகும். தேங்காய்ச் சட்னியும் அப்படியே. கடைச் சட்னியை எத்தனை மணிக்கு அரைத்தார்கள் என்று உங்களுக்குத் தெரியாது. அதனால் சட்னிக்குப் பதில் மிளகாய்ப் பொடியும் நல்லெண்ணெயும் கேட்டு வாங்குங்கள்.

மெதுவடை, பஜ்ஜி, போண்டா எல்லாம் கடையிலிருந்து பந்தி வரை பத்து நிமிடத் தூரம் என்றால் மட்டும். மூடிய டப்பாவில் தன் ஆவியிலேயே நனைந்து சொதசொதவென்று ஆகிவிடும். காரத்துக்கு மணப்பாறை முறுக்கு, ஓலைப் பக்கோடா, மிக்சர் எதுவானாலும் கவலை இல்லை.

யாருக்கும் நினைவுக்கு வராத ஒன்று இருக்கிறது: கும்பகோணம் வெற்றிலை. 2025-இல் புவிசார் குறியீடு பெற்றது. ஆற்றோரத்துக் கொழுந்து வெற்றிலை ஒரு கவுளி, நல்ல சீவல், சுண்ணாம்பு, பூவன் பழம் இரண்டு சீப்பு என்று ஒரு தாம்பாளம் நிறையக் கொண்டு போங்கள். சாப்பாடு முடிந்ததும் பெரியவர்கள் எல்லோரும் உங்களைச் சுற்றித்தான் உட்காருவார்கள். காசும் அதிகம் ஆகாது, கெட்டுப்போகும் பயமும் இல்லை. தனியாக இருக்கும் இளைஞர்களுக்கு நான் எப்போதும் இதைத்தான் சொல்கிறேன். வாழை இலைக் கட்டையும் சேர்த்து நீங்களே ஏற்றுக்கொண்டால் இன்னும் நல்லது. இலை வாங்க மறந்துபோகிற பந்திகள் நிறைய.

காபியும் வாங்கி வரலாம். ஆனால் கலந்த காபியை ஃபிளாஸ்க்கில் ஊற்றிக்கொண்டு வராதீர்கள், ஒரு மணி நேரத்தில் அதன் மணம் மாறிவிடும். டிகாக்‌ஷன் ஒரு ஃபிளாஸ்க்கில், கொதித்த பால் இன்னொன்றில், சர்க்கரை தனியாக. அங்கேயே ஆற்றிக் கொடுத்தால் அது டிகிரி காபி.

படையல் வேறு, பந்தி வேறு

பதினெட்டாம் பெருக்குக்குப் போகிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். காவிரிக்கு வைக்கும் காப்பரிசி, காதோலை கருகமணி, மஞ்சள் கயிறு, கூட வைக்கும் சாதம் எல்லாம் படையல். பல வீடுகளில் குளித்துவிட்டு யாரும் ருசி பாராமல் செய்து எடுத்து வருவார்கள். கடைப் பண்டத்தை அந்த வரிசையில் நீங்களாகக் கொண்டு வைக்காதீர்கள். பையிலேயே இருக்கட்டும், பூஜை முடிந்து பந்தி விரித்ததும் எடுங்கள். ஊரறிந்த கடையின் இனிப்பையே நைவேத்தியமாக வைக்கும் வீடுகளும் உண்டு. அந்தத் தெருவின் மூத்த பெண்மணி எப்படிச் சொல்கிறாரோ அப்படி.

வெளிச்சாப்பாட்டைத் தொடாத பெரியவர்கள் சிலர் இருப்பார்கள். அவர்களை வற்புறுத்துவதும் தப்பு, அவர்கள் மறுத்ததை மனதில் வைத்துக்கொள்வதும் தப்பு. அவர்களுக்குப் பழமும் வெற்றிலையும் கொடுத்தால் சந்தோஷமாக வாங்கிக்கொள்வார்கள்.

கடையும் ஆர்டரும்

பழக்கமில்லாத கடையாக இருந்தால் ஒரு வாரம் முன்பு கால் கிலோ வாங்கிச் சாப்பிட்டுப் பாருங்கள். பெயர்ப்பலகையைவிட இது நம்பகமானது. உணவுப் பாதுகாப்பு உரிமம், அதாவது எஃப்.எஸ்.எஸ்.ஏ.ஐ. எண், 14 இலக்கம். கடையில் கண்ணில் படும்படி இருக்க வேண்டும், பில்லிலும் பாருங்கள். 2020 அக்டோபர் 1 முதல், தட்டில் வைத்துச் சில்லறையாக விற்கும் இனிப்புக்கும் எந்தத் தேதிக்குள் சாப்பிட வேண்டும் என்று எழுதி வைக்க வேண்டும் என்பது விதி. எழுதியிருக்காவிட்டால் கேளுங்கள், கேட்பது உங்கள் உரிமை. பாக்கெட்டில் வாங்கினால் சைவத்துக்குப் பச்சைக் குறியும் அசைவத்துக்குப் பழுப்புக் குறியும் இருக்கும்.

பெரிய கடைதான் என்று இல்லை. மகளிர் சுய உதவிக் குழுவினரும், வீட்டில் செய்து கொடுக்கும் அக்காக்களும் இந்தப் பக்கம் நிறைய. இருபது பேருக்குச் சாதம் வேண்டுமென்றால் நான் அவர்களிடம்தான் போகச் சொல்வேன். எண்ணெய் எது, பூண்டு வேண்டுமா வேண்டாமா, காரம் எவ்வளவு என்று உட்கார்ந்து பேசலாம். ஹோட்டலில் அதற்கு நேரம் இருக்காது.

ஆடிப் பதினெட்டு, ஆடி வெள்ளி, தீபாவளி போன்ற நாட்களில் காலையில் போய் நின்றால் கிடைக்காது. இரண்டு நாள் முன்பே முன்பணம் கொடுத்து, எடுக்கும் நேரத்தைச் சொல்லி எழுதிக்கொள்ளுங்கள்.

"அண்ணே, பதினெட்டு அன்னைக்குக் காலைல ஒம்போது மணிக்கு ஒரு கிலோ அசோகா வேணும். அன்னைக்குக் கிண்டினதா குடுங்க. தூக்கு நானே கொண்டாந்துடறேன்."

இதில் கடைசி வாக்கியம் முக்கியம். அதற்குக் கீழே வருகிறேன்.

எவ்வளவு வாங்குவது

வீட்டுக்கு ஒன்றாக எட்டுப் பத்துப் பண்டம் வரும் பந்தியில் எவரும் எதையும் வயிறு நிறையச் சாப்பிடப்போவதில்லை. இருபது பேர் என்று வைத்துக்கொண்டால் அசோகா ஒரு கிலோ சரியாக இருக்கும், ஆளுக்கு 50 கிராம் வரும். மிக்சர், பக்கோடாவும் ஒரு கிலோ. எண்ணிக் கொடுக்கும் பண்டம் என்றால் ஆளுக்கு ஒன்று, மேலே நாலைந்து. சாதம் ஆளுக்கு ஒரு கரண்டி, ஒன்றரைக் கரண்டி போதும். ஒன்றரைக் கிலோ அரிசி வடித்துக் கலந்த சாதம் இருபது பேருக்குத் தாராளம். கடையில் "இருபது பேருக்கு" என்று மட்டும் சொன்னால் முழுச் சாப்பாட்டுக் கணக்கில் கட்டித் தந்துவிடுவார்கள். எடையாகவோ, இத்தனை கிலோ அரிசிச் சாதம் என்றோ சொல்லுங்கள்.

நேரமும் சூடும்

வழிகாட்டியில் மற்றதையெல்லாம் மறந்தாலும் இதை மறக்காதீர்கள். வீட்டில் சமைத்தவருக்கு எத்தனை மணிக்கு இறக்கினோம் என்று தெரியும். உங்களுக்குக் கடைக்காரர் சொன்னால்தான் தெரியும். வாங்கும்போதே கேட்டு, ஒரு துண்டுக் காகிதத்தில் குறித்து மூடியில் ஒட்டிவிடுங்கள்.

சமைத்த உணவு 60 டிகிரி செல்சியஸுக்கு மேல் சூடாக இருக்க வேண்டும், அல்லது 5 டிகிரிக்குக் கீழே குளிர்ந்திருக்க வேண்டும். நடுவில் உள்ள வெதுவெதுப்பில்தான் கிருமி பெருகும். அந்த நிலையில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் வைக்கக் கூடாது. வெயில் 32 டிகிரியைத் தாண்டினால் ஒரு மணி நேரம்தான். ஆடி மாதத்து நடுப்பகலில் படித்துறையில் வெயில் எப்படி இருக்கும் என்று உங்களுக்கே தெரியும்.

சாதத்தைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். பேசில்லஸ் சீரியஸ் என்று ஒரு பாக்டீரியா. அதன் வித்துகள் அரிசியிலேயே இருக்கும், சோறு வெந்தாலும் சாகாது. வெந்த சோறு வெதுவெதுப்பாக நெடுநேரம் கிடந்தால் அவை முளைத்துப் பெருகி நஞ்சைச் சுரக்கும். வாந்தியை உண்டாக்கும் அந்த நஞ்சு, மறுபடி சூடாக்கினாலும் போகாது. அதனால் "எதற்கும் ஒரு தடவை சூடு பண்ணிடலாம்" என்ற சமாதானம் இங்கே செல்லாது. முந்தின இரவே சாதத்தை வாங்கி மேசை மேல் வைத்திருந்து மறுநாள் எடுத்துப் போவது கூடவே கூடாது. புளியோதரைக்கு மட்டும் புளிப்பும் எண்ணெயும் கொஞ்சம் துணை நிற்கும். அதையும் அன்று காலையில் கலந்ததாகவே வாங்குங்கள்.

நேரத்தைப் பின்னாலிருந்து எண்ணுவது நல்லது. பந்தி பதினொரு மணிக்கு என்றால், படித்துறைக் கூட்டத்தில் நடக்க அரை மணி, பஸ்ஸோ ஆட்டோவோ அரை மணி. ஆக, ஒன்பதரைக்கும் பத்துக்கும் நடுவில் பண்டம் உங்கள் கைக்கு வர வேண்டும். கடையில் ஒன்பது மணி என்று சொல்லி வைத்தால் ஒன்பதரைக்குக் கிடைக்கும். மேட்டூரில் நீர்வரத்து அதிகமாகித் திறப்பு கூடினால் ஆற்றில் இறங்கத் தடை போடுவதும் உண்டு. அப்போது பந்தி யாராவது ஒருவர் வீட்டு மொட்டை மாடிக்கு மாறிவிடும். கிளம்பும் முன் ஒரு போன் போட்டு இடத்தை உறுதி செய்துகொள்ளுங்கள்.

பாத்திரம்

கடைக்கு உங்கள் பாத்திரத்தோடு போங்கள். தமிழ்நாட்டில் 2019 ஜனவரி 1 முதல் ஒருமுறை பயன்படுத்தித் தூக்கிப்போடும் பிளாஸ்டிக் பைகளுக்கும், உணவு கட்டும் பிளாஸ்டிக் தாள்களுக்கும் தடை. இருந்தும் சூடான சாம்பாரைப் பையில் ஊற்றி முடிச்சுப் போட்டுக் கொடுக்கும் கடைகள் இன்னமும் இருக்கின்றன. செய்தித்தாளில் மடித்த வடை, பஜ்ஜியும் வேண்டாம். அச்சு மையில் உள்ளது எண்ணெயோடு உணவில் இறங்கும். வாழை இலையோ மந்தாரை இலையோ வைத்துக் கட்டச் சொல்லுங்கள்.

சூடான பண்டத்துக்கு ஹாட் பாக்ஸ். அதில் முதலில் கொதிநீர் ஊற்றிப் பத்து நிமிடம் மூடி வைத்து, கொட்டிவிட்டு, துடைத்து எடுத்துப் போனால் சூடு இன்னும் நெடுநேரம் நிற்கும். வடைக்கு அது உதவாது. இலை விரித்த ஓலைக் கூடை அல்லது மூடியைக் கொஞ்சம் திறந்து வைத்த சம்படம்தான் அதற்கு. புளியோதரை, எலுமிச்சைச் சாதத்தை எவர்சில்வரில் மட்டும் வையுங்கள். அலுமினியமும் ஈயம் பூசாத பித்தளையும் புளிப்போடு சேரக் கூடாது. தூக்கின் அடியிலும் மூடியிலும் உங்கள் பெயர் இருக்கட்டும். இருபது எவர்சில்வர் தூக்குகளுக்கு நடுவில் உங்களுடையதைத் தேடிப் பார்த்தால் இதன் அருமை தெரியும்.

உங்கள் கை

கடையில் வாங்கியதை அப்படியே திறந்து வைக்கலாம், குற்றமில்லை. ஆனால் சின்னதாக ஒரு கை பட்டால் சுவை ஏறும். முதலில் ஒரு வாய் தனியாக எடுத்து ருசி பாருங்கள். எலுமிச்சைச் சாதம் மந்தமாக இருந்தால் அரை மூடி பிழிந்து விடுங்கள். புளியோதரை வறண்டிருந்தால் காய்ச்சிய நல்லெண்ணெய் ஒரு கரண்டி. வேர்க்கடலையைக் கடையில் போடவேண்டாம் என்று சொல்லிவிட்டு, வீட்டில் வறுத்துத் தனிக் கிண்ணத்தில் எடுத்துப் போனால் மொறுமொறுப்பும் போகாது, ஒத்துக்கொள்ளாதவர்களுக்கும் பிரச்சினை இல்லை. அசோகா இறுகியிருந்தால் தூக்கோடு வெந்நீர்ப் பாத்திரத்தில் பத்து நிமிடம் இறக்கி வையுங்கள், நெய் இளகி மறுபடி பளபளக்கும்.

இதையெல்லாம் செய்துவிட்டு, வீட்டில் செய்தேன் என்று மட்டும் சொல்லாதீர்கள். உள்ளே என்ன சேர்ந்திருக்கிறது என்று கேட்பவருக்கு, சரியான பதில் அவர் உடம்பு சம்பந்தப்பட்டது.

பந்தியில்

வைத்துவிட்டு நகராமல், கரண்டியைக் கையில் எடுத்து நீங்களே பரிமாறுங்கள். எந்தக் கடை, எத்தனை மணிக்குச் செய்தது, பூண்டு உண்டா இல்லையா என்பதைக் கேட்காமலே ஒரு வார்த்தை சொல்லிவிடலாம். கூட்டம் பெரிதாக இருந்தால் தூக்கின் பக்கத்தில் ஒரு சீட்டு: "அசோகா. கோதுமை, பாசிப்பருப்பு, நெய். காலை 8 மணிக்குக் கிண்டியது." கோதுமை ஒத்துக்கொள்ளாதவர்களும் சர்க்கரைக்காரர்களும் அதைப் பார்த்தே முடிவு செய்துகொள்வார்கள். விலை பற்றிய பேச்சை மட்டும் எடுக்காதீர்கள். ஐந்து மணிக்கு எழுந்து சமைத்தவர் பக்கத்தில் உட்கார்ந்து, இதற்கு இவ்வளவு கொடுத்தேன் என்று சொல்வது நன்றாக இருக்காது.

அவர்கள் சமைத்ததைச் சாப்பிட்டு, நன்றாக இருந்தால் வாய்விட்டுச் சொல்லுங்கள். சமைக்காமல் வந்தவர் பாத்திரம் கழுவ முதலில் எழுந்தால், அடுத்த வருடமும் அவரைக் கூப்பிடாமல் யாரும் கிளம்ப மாட்டார்கள்.

மிச்சம்

முறுக்கு, மிக்சர், அசோகா மிஞ்சினால் இலையில் கட்டிக் கேட்கிறவர்களுக்குக் கொடுத்துவிடுங்கள். காலையிலிருந்து திறந்து மூடிய சாதம், சட்னி, கோவா இனிப்பு எதையும் வீட்டுக்குக் கட்டிக் கொடுக்காதீர்கள். இந்த இடத்தில் மனது கேட்காதுதான். அதனால்தான் அளவாக வாங்கச் சொன்னேன். மிச்சத்தையும் எச்சில் இலையையும் ஆற்றில் விடாமல் ஒரு சாக்கில் கட்டிக் கொண்டுவாருங்கள். கல்லணையிலிருந்து பூம்புகார் வரை இந்தத் தண்ணீரில்தான் நாற்று நடுகிறார்கள்.

கடைக்காரர் அண்டாவோ பெரிய அடுக்கோ கொடுத்திருந்தால் அன்று மாலையே கழுவித் திருப்பிக் கொடுங்கள். காரம் தூக்கலாக இருந்ததா, நெய் பத்தவில்லையா, எல்லோரும் கேட்டுக் கேட்டுச் சாப்பிட்டார்களா என்று அவரிடம் சொல்லுங்கள். அவர் அடுத்த ஆர்டருக்கு நோட்டில் குறித்து வைத்துக்கொள்வார்.